ஜமீன் தந்தார்கள், ஜாமீன் தரவில்லை!

இராமேசுவரம் கோயிலின் மூன்றாம் பிராகாரத்தைப் பார்க்காதவர் தமிழகத்தில் குறைவு. நேரில் பார்க்காதவரும் படத்திலே பார்த்திருப்பர். வரிசை வரிசையாகத் தூண்கள்! கண் எட்டுமட்டும் நீளும் நடை! வடநாட்டிலிருந்து வருவோர் வாய் பிளந்து நிற்கிறார்கள். அந்த நடையைக் கட்டி முடித்தவர் சிலையும் அங்கேதான் நிற்கிறது. தீர்த்தமாடிய ஈரத்துணியோடு ஓடும் கூட்டத்தில் அந்தச் சிலையை ஏறிட்டுப் பார்ப்பவர் எத்தனை பேர்? பார்த்தாலும், இவர் தம் வாழ்நாளில் ஏறத்தாழச் சரிபாதியைச் சிறையிலே கழித்தவர், எந்த நீதிமன்றமும் எந்த நாளும் இவரைக் குற்றவாளி என்று தீர்ப்புக் கூறியதில்லை என்பதை அறிந்தவர் எத்தனை பேர்?

முத்துராமலிங்க விசயரகுநாத சேதுபதி என்பது அவர் பெயர். ரிபெல் முத்துராமலிங்க சேதுபதி என்று இராமநாதபுரத்துக்காரர்கள் சொல்வார்கள். கலகக்காரர் என்று வெள்ளையன் வைத்த முத்திரையை விருதாக மாற்றிக்கொண்ட ஊர் அது.

மன்னர் புகழ் பாடுவது நமக்குப் பழக்கமில்லை. கோயில் கட்டினான், குளம் வெட்டினான் என்று பட்டியல் போட்டுப் பரணி பாடுவதற்கு வேறு ஆட்கள் இருக்கிறார்கள். தூண் செதுக்கிய கல்தச்சன் பெயரைச் சொல்லாத கல்வெட்டின் மேல் நமக்குப் பெரிய மதிப்பும் கிடையாது. ஆயினும் இந்த மனிதரைப் பற்றி இன்று எழுதுகிறோம். ஏன்? முடிதரித்த ஒருவரையே விசாரணையில்லாமல் பூட்டி வைக்க முடிந்தது என்றால், மூட்டை தூக்கும் ஒருவனை என்னதான் செய்ய முடியாது? அந்தக் கேள்விக்காக எழுதுகிறோம்.

1760-ம் ஆண்டு மார்ச் 30-ல் பிறந்தார். கைக்குழந்தையாக இருக்கும்போதே பட்டம் வந்து சேர்ந்தது. அரியணையில் குழந்தை, ஆட்சியை நடத்தியவர் தாயார் முத்துத் திருவாயி நாச்சியார், துணை நின்றவர் பிரதானி தாமோதரம் பிள்ளை. மறவர் சீமை அன்று சிறிய சீமையல்ல. கடலோரம் நெடுகத் துறைமுகங்கள், முத்து, சங்கு, பாம்பன் கால்வாயைக் கடக்கும் மரக்கலங்கள், உள்நாட்டிலே பருத்தி, தறி. மழை பொய்த்த ஆண்டிலும் கடல் பொய்க்காத நாடு.

அந்த நாட்டின்மேல் கண் வைத்தவர் ஆர்க்காட்டு நவாபு முகமது அலி. நவாபுக்கு அன்று ஒரு நோய். கடன் என்னும் நோய்! கிழக்கிந்தியக் கும்பினிக்குக் கடன், கும்பினியின் உத்தியோகஸ்தர்களுக்குத் தனித்தனியாகக் கடன். கடன்காரன் என்ன செய்வான்? தன்னைவிடச் சிறியவன் வீட்டுப் பாத்திரத்தைத் தூக்குவான். கப்பம் பாக்கி என்று கணக்கு எழுதினார் நவாபு. படை அவருடையது பாதி, கும்பினியினுடையது பாதி. 1772 ஜூன் தொடக்கத்தில், தளபதி ஜோசப் ஸ்மித் முன்னின்று நடத்திய தாக்குதலில் இராமநாதபுரம் கோட்டை வீழ்ந்தது. அதே மாதம் 25-ம் நாள் காளையார்கோவிலில் சிவகங்கைச் சீமையின் முத்துவடுகநாதர் வீழ்ந்தார். வேலுநாச்சியார் விருப்பாச்சிக்குச் சென்றார். அந்தக் கதையை மேடைதோறும் சொல்லியிருக்கிறோம், நாடகமாகவும் பார்த்திருக்கிறோம். அதே படையெடுப்பில் இராமநாதபுரத்துச் சிறுவனுக்கு என்ன நேர்ந்தது என்பதை மட்டும் சொல்லாமலே விட்டுவிட்டோம்.

சிறுவனுக்கு வயது 12. தாயோடும் குடும்பத்தாரோடும் திருச்சிராப்பள்ளிக் கோட்டைக்குக் கொண்டுபோய் அடைத்தார்கள்.

12 வயதுப் பிள்ளை செய்த குற்றம் என்ன? கப்பம் கட்டவில்லையாம்! கப்பம் என்ற சொல்லுக்குப் பொருள் தெரியும் வயதா அது? 9 ஆண்டுகள் உருண்டன. குரல் உடைந்தது சிறையில். மீசை அரும்பியது சிறையில். தாயின் தலை நரைத்ததைப் பக்கத்தில் இருந்து பார்த்ததும் சிறையில்.

1781-ல் கதவு திறந்தது. கருணையால் திறக்கவில்லை, கலக்கத்தால் திறந்தது! முந்திய ஆண்டில் மைசூர் ஐதர் அலி கர்நாடகத்துக்குள் பாய்ந்திருந்தார். நவாபுக்கு நாற்காலி ஆட்டம் கண்டுவிட்டது. மறவர் சீமையிலோ மாப்பிள்ளைத் தேவன் தலைமையில் கிளர்ச்சி. இந்த நெருப்பை அணைக்கப் படை போதாது, பழைய மன்னரைக் கொண்டுவந்து உட்கார வைத்தால்தான் அணையும் என்று கண்டார்கள், விடுவித்தார்கள். விசாரணை நடந்து விடுதலை வந்ததா? இல்லை. குற்றம் இல்லை என்று யாரும் சொன்னார்களா? அதுவும் இல்லை. உள்ளே போட்டதற்கும் காரணம் சொல்லவில்லை, வெளியே விட்டதற்கும் காரணம் சொல்லவில்லை. ஆண்டான் நினைத்தால் பூட்டு, ஆண்டான் நினைத்தால் திறப்பு. சட்டம் என்பது சாவிக்கொத்தாக இருந்த காலம்.

21 வயதில் வெளியே வந்தவர் 14 ஆண்டுகள் ஆண்டார். அந்த 14 ஆண்டுகளில்தான் கும்பினிக்கும் அவருக்கும் முட்டிக்கொண்டது. கும்பினிக்கு வேண்டியது துணி. மறவர் சீமைத் தறிகளில் நெய்த துணியைக் குறைந்த தீர்வையில், முடிந்தால் தீர்வையே இல்லாமல் அள்ளிக்கொண்டு போகவேண்டும் என்பது அவர்கள் ஆசை. சேதுபதி இசையவில்லை. என் நாட்டுத் துறையில் சரக்கு ஏற்றுகிறவன் என் நாட்டுத் தீர்வையைக் கட்டட்டும் என்பது அவர் நிலை. முத்துக்குளிப்பிலே அவருக்கு உரிமை, சங்கு எடுப்பதிலே உரிமை, பாம்பனைக் கடக்கும் கலங்களிடம் வரி வாங்கும் உரிமை. ஒவ்வோர் உரிமையும் வெள்ளை வியாபாரியின் கண்ணில் விழுந்த தூசியாயிற்று.

இதற்கிடையே 1792-ல் ஓர் ஒப்பந்தம். பாளையக்காரர்களிடம் கப்பம் வசூலிக்கும் வேலையைத் தாமே செய்ய முடியாமல் நவாபு கும்பினியின் கையில் கொடுத்துவிட்டார். கடன்காரன் வீட்டுச் சாவி கடன் கொடுத்தவன் இடுப்பில் ஏறியது! இனி இராமநாதபுரத்துக்கு வருகிறவர் நவாபின் ஆள் அல்ல, கலெக்டர். நாட்டை ஆள்கிற மன்னரை அதட்டிக் கடிதம் எழுதும் உத்தியோகஸ்தர்.

சேதுபதி மாசுமறுவற்றவர் என்று சாதிக்க நாம் வரவில்லை. சிவகங்கைச் சீமையோடு அவருக்குப் பகை இருந்தது, சண்டை நடந்தது, எல்லையோரத்துக் குடியானவன்தான் அடிபட்டான். மருது சகோதரர்களும் சேதுபதியும் தோளோடு தோள் நின்றிருந்தால் கும்பினியின் கதை இந்த மண்ணில் வேறு மாதிரி முடிந்திருக்கலாம் என்று எண்ணும்போதெல்லாம் நமக்கு வயிறு எரிகிறது. பிரிந்து நின்றார்கள், தனித்தனியே விழுந்தார்கள். கும்பினியின் காகிதங்களில் இவர்மேல் புகார்கள் உண்டு: சிவகங்கையோடு சண்டை, கலெக்டரின் சொல் கேளாமை, இன்னும் பல. இருக்கட்டும். புகார் இருந்தால் சாட்டு! சாட்டினால் விசாரி! விசாரித்தால் தீர்ப்புச் சொல்! இந்த மூன்றில் ஒன்றுகூட நடக்கவில்லை என்பதுதான் நம் வழக்கு.

1795 பிப்ரவரி 8. கும்பினிப் படை கோட்டையை வளைத்துக்கொண்டது. 34 வயது மன்னர் கைதானார். கொண்டுபோன இடம் எது? திருச்சிராப்பள்ளி! சிறுவனாகப் பார்த்த அதே ஊர், அதே கோட்டை.

குற்றப்பத்திரிகை கிடையாது. வழக்கு எண் கிடையாது. இன்று கைதியைப் பதினைந்து நாளுக்கு ஒருமுறையாவது நீதிபதி முன் நிறுத்துகிறார்கள். அடுத்த வாய்தா என்று ஒரு தேதி சொல்லுகிறார்கள். அந்தத் தேதியைப் பிடித்துக்கொண்டாவது வீட்டுக்காரி நாளை எண்ணுகிறாள். சேதுபதிக்கு வாய்தாவும் இல்லை.

மூன்றாண்டு கழித்து அந்த ஆளில்லா அரண்மனையில் நடந்த ஒரு சம்பவத்தை நாடே அறியும். 1798 செப்டம்பரில் கலெக்டர் ஜாக்சன், பாஞ்சாலங்குறிச்சிக் கட்டபொம்மனை அலைக்கழித்து, கடைசியில் இராமநாதபுரத்துக்கு வரவழைத்தார். இராமலிங்க விலாசத்தில் சந்திப்பு, கைகலப்பு, வாளை உருவிக்கொண்டு வெளியேறினார் கட்டபொம்மன். தானாபதி சுப்பிரமணிய பிள்ளை பிடிபட்டார். இதுவரை திரைப்படத்திலே பார்த்திருக்கிறோம். அதற்குப் பின் நடந்ததுதான் நமக்கு முக்கியம். சென்னைத் துரைத்தனத்துக்கு முறையீடு போயிற்று, விசாரணைக்குழு அமைந்தது, சுப்பிரமணிய பிள்ளை விடுவிக்கப்பட்டார், ஜாக்சன் பதவியிலிருந்து நீக்கப்பட்டார். அதே கும்பினிதான்! விசாரித்தபோது பிடிபட்டவர் வெளியே வந்தார், பிடித்தவர் வேலையை இழந்தார். அடுத்த ஆண்டு அக்டோபர் 16-ல் கட்டபொம்மனைக் கயத்தாற்றில் தூக்கிலிட்டார்கள் என்பது வேறு கதை. விசாரணை என்று ஒன்று நடந்தால் எதிராளிக்கும் நியாயம் கிடைத்துவிடக்கூடும் என்பதை அவர்கள் அந்த ஒரு நிகழ்ச்சியிலேயே பட்டுத் தெரிந்துகொண்டார்கள். சேதுபதிக்கு அதைக் கொடுப்பார்களா?

சிறையில் இருந்த மன்னரை மறக்காத ஒருவர் வெளியே இருந்தார். சித்திரங்குடி மயிலப்பன் சேர்வைக்காரர். 1799 ஏப்ரலில் முதுகுளத்தூர், அபிராமம், கமுதிப் பகுதிகளில் கிளர்ச்சி வெடித்தது. கும்பினியின் ஆயுதங்களைப் பறித்தனர். துணிக் கிடங்குகளில் புகுந்தனர். துணிக் கிடங்கு ஏன் என்று கேட்கத் தோன்றுகிறதா? தறிக்காரனைக் கேட்டால் சொல்லுவான். கும்பினியின் அநியாயம் அங்கேதான் மூட்டை மூட்டையாக அடுக்கி வைக்கப்பட்டிருந்தது. கிளர்ச்சி சில வாரங்களில் அடக்கப்பட்டது. மயிலப்பன் பின்னும் ஓயவில்லை; மருதிருவரின் போரிலும் நின்றார். 1801 அக்டோபர் 24-ல் மருது சகோதரர்கள் திருப்பத்தூரில் தூக்கிலேற்றப்பட்டனர். மயிலப்பனுக்கு 1802-ல் தூக்கு. சின்ன மருதுவின் மகன் துரைசாமி உள்ளிட்ட 73 பேர் கப்பலேற்றப்பட்டுப் பினாங்குக்கு நாடு கடத்தப்பட்டனர். சேதுபதியைத் திருச்சியிலிருந்து சென்னைக்கு, செயின்ட் ஜார்ஜ் கோட்டைக்குக் கொண்டுபோனார்கள். சொந்தச் சீமைக்கும் அவருக்கும் இடையே தூரம் இன்னும் கூடியது.

போர் முடிந்தது. எதிர்த்தவர்கள் எல்லாம் மாண்டார்கள், அல்லது கடல் கடந்தார்கள். நவாபின் ஆட்சியும் 1801-ல் கும்பினியின் பைக்குள் போயிற்று. இனி இந்த மன்னரை விட்டால் யாருக்கு என்ன ஆபத்து? ஆனாலும் விடவில்லை! அதைவிட வேடிக்கை ஒன்று செய்தார்கள். 1803-ல் இராமநாதபுரத்தை ஜமீன் ஆக்கினார்கள். அரசு ஜமீனாகச் சுருங்கியது; சேதுபதி என்ற பட்டம் ஜமீன்தார் என்ற பட்டமாகத் தேய்ந்தது. யாருக்குக் கொடுத்தார்கள்? சேதுபதியின் சகோதரி மங்களேசுவரி நாச்சியாருக்கு. உடையவர் உயிரோடு கோட்டைக்குள் இருக்கிறார். உடைமைக்கு வெளியே பட்டா எழுதப்படுகிறது! வீட்டாருக்கு ஜமீன் தந்த கும்பினி, வீட்டுக்காரருக்கு ஜாமீன் தரவில்லை.

1809 ஜனவரி 23-ல் சென்னைக் கோட்டையில் கைதியாகவே கண்ணை மூடினார். 49 நிறையவில்லை. முதற்சிறை 9 ஆண்டு, இரண்டாவது சிறை 14 ஆண்டு. கூட்டிப் பாருங்கள்.

அவர் உயிர்விட்ட கோட்டைக்குள்தான் இன்று நம் சட்டமன்றமும் தலைமைச் செயலகமும் இருக்கின்றன. கோட்டைக் கொத்தளத்தில் ஆகஸ்ட் 15-ல் கொடியேற்றும் உரிமையை முதலமைச்சர்களுக்கு வாங்கித் தந்தவர் கலைஞர். அந்தக் கொடியைப் பார்க்கிறபோதெல்லாம் நமக்கு இந்தக் கைதியின் நினைவும் வரத்தான் செய்கிறது.

செய்துவிட்ட அநியாயத்துக்குப் பிறகு சட்டம் தைத்துப் போடுவது ஏகாதிபத்தியத்தின் வாடிக்கை. வங்காளத்தில் 1818-ல் மூன்றாவது ரெகுலேஷன், சென்னை மாகாணத்தில் 1819-ல் இரண்டாவது ரெகுலேஷன். இராஜாங்கக் கைதி என்று பெயர் சூட்டி, விசாரணையே இல்லாமல், துரைத்தனம் விரும்பும் நாள்வரை ஒருவனை வைத்திருக்கலாம் என்று எழுதிக்கொண்டார்கள். வங்காளச் சட்டத்தைக் காட்டித்தான் 1907-ல் லாலா லஜபதிராயை மாந்தளைக்கு அனுப்பினார்கள். 1919-ல் ரௌலட் சட்டம் வந்தது. நாடு கொதித்தது. ஜாலியன்வாலா பாக்கில் இரத்தம் ஓடியது.

வெள்ளையன் போனான்; பழக்கம் போயிற்றா? 1950 ஜனவரியில் அரசியல் சட்டம் வந்தது, பிப்ரவரியில் தடுப்புக் காவல் சட்டம் வந்தது. ஒரு மாதம்கூடப் பொறுக்கவில்லை! இந்தி ஆதிக்கத்தை எதிர்த்து 1965-ல் தமிழகம் எழுந்தபோது, கலைஞரைப் பாதுகாப்புச் சட்டத்தின் கீழ்ப் பாளையங்கோட்டைத் தனிச்சிறையில் வைத்தார்கள். 1976 ஜனவரி 31-ல் கழக ஆட்சி கலைக்கப்பட்டது. கழகத்தவர் மிசாவிலே அள்ளப்பட்டனர். சென்னைச் சிறையில் மு.க. ஸ்டாலின்மேல் விழ இருந்த அடிகளைத் தன் உடலில் தாங்கிய சிட்டிபாபு 1977-ல் மறைந்தார். அவர்மேல் வழக்கு என்ன? ஒன்றும் இல்லை. அந்த 1976 ஏப்ரலிலேயே உச்ச நீதிமன்றம், நெருக்கடிக் காலத்தில் ஆட்கொணர்வு மனுப் போடும் உரிமை கிடையாது என்று கூறிவிட்டது. ஐவரில் எச்.ஆர். கன்னா ஒருவர்தான் மாறுபட்டார். தலைமை நீதிபதிப் பதவி அவரைத் தாண்டிப் போயிற்று.

இந்த வரலாறு நம் வீட்டு வரலாறு. ஆகவே நம் வீட்டையும் பார்த்துத்தான் பேசவேண்டும். குண்டர் சட்டம் என்று நாம் சொல்லும் தமிழகச் சட்டம் 1982-ல் வந்தது. 12 மாதம்வரை விசாரணையின்றி வைக்கலாம். கொண்டுவந்தது எம்.ஜி.ஆர். ஆட்சி; ஆனால் அதன்பின் எந்தக் கட்சி ஆண்டாலும் அந்தச் சட்டம் அலமாரிக்குள் போய் உறங்கியதில்லை, கழகம் ஆண்டபோதும்தான். மிசாவில் வெந்தவர்கள் நாம். நாம் சொல்லாவிட்டால் வேறு யார் சொல்வது?

சரி, சட்டப்படி வழக்குப் போட்டே உள்ளே வைக்கப்பட்டவன் கதை என்ன? 2022-ம் ஆண்டின் முடிவில் இந்தியச் சிறைகளில் இருந்தவர்கள் 5,73,220 பேர். அவர்களில் 4,34,302 பேர் தண்டனை பெறாதவர்கள், விசாரணைக் கைதிகள். மத்திய அரசின் கணக்கு இது. நூற்றுக்கு 75 பேருக்கு மேல் குற்றவாளி என்று எவரும் சொல்லாதவர்கள்! அந்த நாலு லட்சத்தில் மாளிகைவாசிகள் எத்தனை பேர் இருக்கப் போகிறார்கள்? இருப்பவன் கட்டடத் தொழிலாளி, கூலி விவசாயி, லாரி கிளீனர், செங்கல் சூளைக்காரன்.

ஜாமீன் கிடைக்காதவன் பாடு ஒன்று; ஜாமீன் கிடைத்தும் வெளியே வரமுடியாதவன் பாடு இன்னொன்று. 1978-ல் மத்தியப் பிரதேசத்து வழக்கு ஒன்று உச்ச நீதிமன்றத்துக்கு வந்தது. கைதானவர் ஒரு கொத்தனார். ஜாமீன் உத்தரவாயிற்று. ஆனால் கீழ்க்கோர்ட்டு 10,000 ரூபாய்க்கு ஜாமீன்தாரர் கேட்டது. அண்ணன் தம்பி வந்து நின்றால், உன் சொத்து வேறு மாவட்டத்தில் இருக்கிறது, செல்லாது என்றது. வழக்கைக் கேட்டவர் வி.ஆர். கிருஷ்ணய்யர். 1948-ல் தாமே சிறை பார்த்தவர். 1,000 ரூபாயாகக் குறைத்து, கொத்தனாரை விடச் சொன்னார். ஓர் இந்தியன் தன் நாட்டிலேயே வேறு மாவட்டத்துக்காரன் என்பதால் அந்நியன் ஆகிவிடுவானா என்பதுதான் அந்தத் தீர்ப்பின் சாரம். அடுத்த ஆண்டில் பீகார்ச் சிறைகளின் நிலை நீதிமன்றத்துக்கு வந்தது. குற்றம் மெய்ப்பிக்கப்பட்டாலும் எத்தனை ஆண்டு தண்டனையோ, அதைக் காட்டிலும் கூடுதல் காலம் விசாரணைக்காகவே கிடந்தவர்கள் இருந்தார்கள்! விரைவான விசாரணை ஒருவனுடைய உயிர்வாழும் உரிமையில் அடங்கியது என்று அந்த ஹுசைனாரா காதூன் வழக்கிலே நீதிமன்றம் கூறியது.

கூறி 40 ஆண்டுக்கு மேல் ஆகியும், திருச்சி மாவட்டத்திலே பிறந்த பாதிரியார் ஸ்டான் சுவாமி 2020 அக்டோபரில் கைதாகி, நடுக்குவாத நோயோடு தண்ணீர் குடிக்க ஓர் உறிஞ்சுகுழலுக்கு மனுப்போட்டு, ஜாமீன் மனு நிலுவையில் இருக்கும்போதே 2021 ஜூலை 5-ல் 84 வயதில் இறந்தார். கழகத்தின் செந்தில் பாலாஜி 2023 ஜூனில் கைதாகி 471 நாள் கழித்தே 2024 செப்டம்பரில் ஜாமீன் பெற்றார். விசாரணை எப்போது முடியும் என்றே தெரியாதபோது ஒருவரை உள்ளேயே வைத்திருக்க முடியாது என்றது உச்ச நீதிமன்றம். அவருக்காக வாதாட டெல்லியிலே பேர்பெற்ற வழக்கறிஞர்கள் நின்றார்கள். அப்படியும் 471 நாள்! வக்கீல் குமாஸ்தாவின் பேர்கூடத் தெரியாத கமுதித் தொழிலாளிக்கு எத்தனை நாள்?

சேதுபதியின் கடலுக்கே திரும்பி வருவோம். இராமேசுவரம், பாம்பன், தங்கச்சிமடத்து மீனவன் டோக்கன் வாங்கிக்கொண்டு விசைப்படகில் போகிறான். மறுநாள் காலை யாழ்ப்பாணத்தில் கைதி! 2011 நவம்பரில் பிடிபட்ட ஐந்து மீனவர்கள்மேல் போதைப்பொருள் வழக்கு. தீர்ப்பு வந்ததோ 2014 அக்டோபர் 30-ல். மூன்று ஆண்டு சிறையிலேயே கிடந்தார்கள். வந்த தீர்ப்பு தூக்கு! தமிழகம் கொந்தளித்தது, அடுத்த மாதமே விடுதலையாகி வந்தார்கள். 2022 ஏப்ரலில் கிளிநொச்சி நீதிமன்றம் இராமேசுவரத்து மீனவர்களுக்கு ஜாமீன் தந்தது. தொகை? இலங்கைப் பணத்தில் ஆளுக்கு ஒரு கோடி ரூபாய்! வலையைத் தைக்கவே வட்டிக்கு வாங்குகிறவனிடம் ஒரு கோடி! மறுப்பதற்கு மனமில்லாமல் மறுக்கும் வழி அது. அந்த நாட்டைக் குறை சொல்லும்போது நம் நாட்டுக் கோர்ட்டுகள் கேட்கும் இரண்டு ஜாமீன்தாரர், சொத்துவரி ரசீது, கிராம நிர்வாக அலுவலர் சான்று இவற்றையும் நினைத்துக்கொள்வது நல்லது. சொத்து இல்லாதவனுக்கு ஐயாயிரமும் ஒரு கோடிதான்.

சட்டத்தில் இப்போது ஒரு வாசல் திறந்திருக்கிறது. 2024 ஜூலை 1 முதல் நடைமுறையில் உள்ள புதிய குற்ற விசாரணைச் சட்டத்துக்குப் பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதா என்று பெயர். வாயில் நுழையாத பெயரை வைத்து நம் வீட்டுக்குள் இந்தியை நுழைக்கும் வேலைக்கு நம் கண்டனம் என்றும் உண்டு. என்றாலும் அதன் 479-வது பிரிவைத் தோழர்கள் மனப்பாடம் செய்யவேண்டும். ஒரு குற்றத்துக்குச் சட்டம் சொல்லும் உச்சத் தண்டனையில் பாதிக்காலம் உள்ளே கழித்தவனை ஜாமீனில் விடவேண்டும். முன்பு எந்த வழக்கிலும் தண்டனை பெறாதவன் என்றால் மூன்றில் ஒரு பங்கு போதும். தூக்கு, ஆயுள் தண்டனைக்குரிய வழக்குகளுக்கு இது பொருந்தாது. பல வழக்கு நிலுவையில் இருந்தாலும் கிடையாது. போலீசார் ஒன்றுக்கு மூன்றாக வழக்கு எழுதும் வித்தையை அறிந்தவர்களுக்கு இந்த ஓட்டையின் அளவு புரியும். காலக்கெடு வந்ததும் கோர்ட்டுக்கு எழுதவேண்டியது சிறைக் கண்காணிப்பாளரின் கடமை. பழைய வழக்குகளுக்கும் இது செல்லும் என்று 2024 ஆகஸ்டில் உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது.

இன்னொன்று. வழக்கைப் பொறுத்து 60 நாளில் அல்லது 90 நாளில் போலீசார் குற்றப்பத்திரிகை தாக்கல் செய்யவில்லை என்றால், கைதிக்கு ஜாமீன் உரிமை. யாரும் தரும் பிச்சையல்ல. ஆனால் கேட்கவேண்டும், குற்றப்பத்திரிகை வந்து விழுவதற்கு முன்பே கேட்கவேண்டும். 61-ம் நாள் காலையில் மனுவோடு நிற்பவன் வெளியே வருவான். விவரம் தெரியாமல் 65-ம் நாள் வருகிறவனுக்கு முன்னால், 63-ம் நாளே குற்றப்பத்திரிகை வந்திருக்கும்.

ஜாமீன் உத்தரவாகியும் ஒரு வாரத்தில் ஒருவன் வெளியேறவில்லை என்றால், சிறைக் கண்காணிப்பாளர் மாவட்டச் சட்டப் பணிகள் ஆணைக்குழுவுக்குத் தெரிவிக்கவேண்டும். ஒரு மாதம் ஆகியும் ஜாமீன்தாரர் கிடைக்கவில்லை என்றால், நிபந்தனையைத் தளர்த்துவதைக் கோர்ட்டே எடுத்துப் பார்க்கலாம். 2023 ஜனவரியில் உச்ச நீதிமன்றம் இட்ட வழிமுறை இது. உள்ளூர் ஜாமீன்தாரர்தான் வேண்டும் என்று பிடிவாதம் பிடிக்கக்கூடாது என்பதும் அதில் அடக்கம்.

ஆகவே திருவாடானை, பரமக்குடி, முதுகுளத்தூர், மண்டபம் ஒன்றியத் தோழர்கள் முதலில் ஒரு நோட்டுப் புத்தகம் வாங்கட்டும். நம் கிளையில் எவன் வீட்டு ஆள் உள்ளே இருக்கிறான், எந்தப் பிரிவில், எந்தத் தேதியில் கைது, குற்றப்பத்திரிகை வந்ததா, ஜாமீன் உத்தரவாகியும் ஜாமீன்தாரர் இல்லாமல் கிடக்கிறானா என்று எழுதட்டும். கட்சி பார்க்கவேண்டாம், சாதி பார்க்கவேண்டாம். நாள் கணக்குச் சரியாக வந்ததும் சட்டப் பணிகள் ஆணைக்குழு அலுவலகத்துக்குப் போகலாம். காவலில் உள்ள எவருக்கும், வருமானம் எவ்வளவாக இருந்தாலும், அங்கே வழக்கறிஞர் இலவசம். 1987-ம் ஆண்டுச் சட்டம் அப்படித்தான் சொல்லுகிறது. போகும்போது கைதான தேதி உள்ள ரிமாண்டு உத்தரவின் நகலை மறக்காமல் எடுத்துச் செல்லவும்.